வெடிக்காத உப்பு

டிகிரெபிடேஷன் என்ற சொல்லை நான் ஐந்து வருடம் எழுதியிருக்கிறேன். பி.எஸ்சி.யில் மூன்று வருடம், எம்.எஸ்சி.யில் இரண்டு. எந்த உப்பென்று தெரியாத ஒரு தூளைக் கையில் கொடுத்து, என்னவென்று கண்டுபிடி என்பார்கள். அதில் ஒரு சிட்டிகையை உலர்ந்த சோதனைக் குழாயில் போட்டுச் சூடாக்க வேண்டும். படபடவென்று சத்தம் வந்தால் ரெக்கார்டு நோட்டில் அப்சர்வேஷன் கட்டத்தில் இந்தச் சொல். பக்கத்தில் இன்ஃபரன்ஸ் கட்டத்தில், லெட் நைட்ரேட்டாக இருக்கலாம், சோற்றுப்பாக இருக்கலாம் என்று ஓர் ஊகம். சிதம்பரத்தில் நான் படித்த கல்லூரி ஆய்வகத்தில் முப்பது பேர் ஒரே நேரத்தில் பேசிக்கொண்டிருப்போம். எந்த உப்பு வெடித்தாலும் யாருக்கும் கேட்காது. முதல் மேஜைக்காரி எழுதினால் கடைசி மேஜை வரை எல்லோரும் எழுதுவோம்.

பொருள் என்னவோ எளிமையானதுதான். சில படிகங்கள் உருவாகும்போது, தாங்கள் விளைந்த நீரில் ஒரு துளியை உள்ளேயே வைத்து மூடிக்கொள்கின்றன. சூடு ஏறினால் அந்தத் துளி ஆவியாகும். வெளியே வர வழி கிடையாது. கடைசியில் படிகத்தையே உடைத்துக்கொண்டு கிளம்பும். அந்த வெடிப்புக்குத்தான் இவ்வளவு நீளமான பெயர். வேதியியல் படித்தவர்களைத் தவிர யாரும் இதைச் சொல்லி நான் கேட்டதில்லை. படித்தவர்களும் தேர்வோடு மறந்துவிடுவார்கள்.

எனக்கு மறக்காததற்குக் காரணம், எம்.எஸ்சி. ப்ராஜெக்டில் பட்ட அவமானம். பிச்சாவரம் பக்கத்து உப்பங்கழி நீரைக் காய்ச்சி எடுத்த உப்பை, எடை போட்டு, மூடி போடாமல் அப்படியே உலைக்குள் வைத்துவிட்டேன். அரை மணி நேரம் கழித்துத் திறந்தால் கிண்ணத்தில் பாதி உப்பைக் காணோம். என் கைடு எட்டிப் பார்த்துவிட்டு, "உன் சாம்பிள் ஃபர்னஸுக்குள்ள மேஞ்சிட்டிருக்கு, போய்ப் புடிச்சிட்டு வா" என்றார். ஆய்வகமே சிரித்தது. இனிமேல் உப்பை முதலில் இளஞ்சூட்டில் நன்றாக உலர்த்து, உள்ளே இருக்கும் நீர் போய்விட்டால் அது வாயைத் திறக்காது என்று சொல்லிக்கொடுத்தார். அந்தப் பாடத்தை நான் எங்கே கொண்டுபோய்ப் பயன்படுத்தினேன் என்பதுதான் இந்தக் கதை.

எனக்குக் கல்யாணமாகிக் கடலூருக்கு வந்து நான்கு மாதம் ஆகியிருந்தது. வீட்டில் அத்தை, மாமா, என் வீட்டுக்காரர், நான். வீட்டுக்காரருக்குத் தொழிற்பேட்டையில் ஷிப்ட் வேலை. மனிதர் தங்கம்தான், ஆனால் அப்பாவுக்கு முன்னால் வாய் திறக்கமாட்டார். மாமா ரிட்டயர்டு. அவர் யாரையும் எதற்கும் வேண்டாம் என்று சொன்னதே கிடையாது. "பாக்கலாம்" என்பார். ஃபிரிட்ஜ் மாற்றலாமா என்றால் பார்க்கலாம். திருப்பதி போகலாமா என்றால் பார்க்கலாம். அந்த வீட்டின் பழைய ஃபிரிட்ஜ் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது, திருப்பதியும் அங்கேயேதான் இருந்தது.

அப்போதுதான் சிதம்பரத்தில் ஒரு தனியார் கல்லூரியிலிருந்து எனக்கு வேலை வந்தது. வேதியியல் விரிவுரையாளர். கல்யாணத்துக்கு முன்பே நேர்காணலுக்குப் போய், கிடைக்காது என்று மறந்துவிட்டிருந்தேன். வருகிற திங்கட்கிழமை காலை பத்து மணிக்குள் வந்து சேர வேண்டும், தவறினால் பட்டியலில் அடுத்தவரை அழைப்போம் என்று கடிதத்தில் தெளிவாக இருந்தது. படித்ததும் கூடத்திலேயே ஒரு குதி குதித்தேன். மருமகளாகி நான்கு மாதத்தில் நான் அந்த வீட்டில் குதித்தது அதுதான் முதல் தடவை. மாமா கண்ணாடியைப் போட்டுக் கடிதத்தை இரண்டு முறை படித்தார். "பாக்கலாம்மா" என்றார்.

கடிதம் வந்தது ஒரு திங்கட்கிழமை. செவ்வாய்க்கிழமை ரயில்வே கேட் பக்கத்தில் மணலில் ஸ்கூட்டி சறுக்கி முட்டியைச் சிராய்த்துக்கொண்டேன். புதன்கிழமை காலை காய்ச்சல். மாமாவுக்கு வாயில் சர்க்கரை போட்டதுபோல் ஆகிவிட்டது. "மொதல்ல ஒடம்பு சரியாவட்டும். வேல எங்க ஓடிடப் போவுது?" என்றார். திங்கட்கிழமை பத்து மணிக்கு அது ஓடித்தான் போகும் என்று கத்த வேண்டும்போல் இருந்தது. கஞ்சியைக் குடித்துவிட்டுப் படுத்துக்கொண்டேன்.

அத்தை மட்டும் நோயைக் கண்டுபிடித்துவிட்டார். "கண்ணு பட்டிருக்கு. தெருவே பாக்கறாப்புல குதிச்சா படாதா?"

அன்று சாயங்காலம், விளக்கேற்றியதும், எனக்குச் சுற்றிப்போட்டார். மற்ற வீடுகளில் மிளகாய், கடுகு, முச்சந்தி மண் எல்லாம் சேர்ப்பார்கள். எங்கள் அத்தைக்கு இளைப்பு. மிளகாய் நெடி ஆகாது. அதனால் கல் உப்பு மட்டும்தான். பின்கட்டில் ஓர் இரும்புச் சட்டியில் கொட்டாங்குச்சியைப் பற்றவைத்து, அது கனிந்ததும் என்னைக் கிழக்கே பார்த்து உட்காரவைத்தார். ஒரு பிடி உப்பை மூடிய கையோடு இடமும் வலமுமாகச் சுற்றினார். "போறவ கண்ணு, வர்றவ கண்ணு, எதுத்தூட்டுக் கண்ணு, லெட்டர் கொண்டாந்தவன் கண்ணு" என்று கொரியர்காரரைக்கூட விடவில்லை. மூன்று முறை துப்பச் சொல்லிவிட்டு உப்பை நெருப்பில் கொட்டினார்.

படபடபடவென்று வெடித்தது. நான் ஐந்து வருடம் கேட்காமலே எழுதிய சத்தம்.

"அப்பாடி, எவ்ளோ கண்ணு பாத்தியா?" என்றார் அத்தை. கூடத்துப் பக்கம் ஒரு முறை திரும்பிப் பார்த்தார். அங்கே மாமா டிவியில் சண்டைக் காட்சி ஒன்றில் மூழ்கியிருந்தார். "போதாது. இன்னும் ரெண்டு மூணு நாளைக்குச் சுத்தணும்."

என் அம்மா வீடு சேத்தியாத்தோப்பு. அங்கே இந்தச் சோதனைக்கு நாங்கள் எழுதும் இன்ஃபரன்ஸ் ஒன்றே ஒன்றுதான். உப்பு வெடித்தால் கண் பட்டிருக்கிறது. எவ்வளவு வெடிக்கிறதோ அவ்வளவு கண். வெடிக்காவிட்டால் உனக்கு ஒன்றுமில்லை, எழுந்து வேலையைப் பார். அந்தக் கணக்கில், சட்டியில் உப்பு வெடித்துக்கொண்டே இருக்கும் வரை அத்தை என்னை வெளியே அனுப்பப்போவதில்லை. மாமாவின் பார்க்கலாமுக்கு அத்தை துணை போகிறார் என்று எனக்குத் தோன்றிவிட்டது. தோன்றியதை யாரிடமாவது கேட்டுச் சரிபார்ப்பேனா என்றால், அதுதான் இல்லை. நான் படித்தவளாயிற்றே.

வியாழக்கிழமை காலை காய்ச்சல் விட்டிருந்தது. அத்தை கோயிலுக்குக் கிளம்பினார், மாமா பென்ஷன் விஷயமாக வெளியே போனார். நான் உப்பு ஜாடியை இறக்கினேன். பெரிய வாணலியை அடுப்பில் வைத்து, உப்பைக் கொட்டி, மூடி போட்டேன். இந்த முறை மூடி போட மறக்கவில்லை. உள்ளே தீபாவளி. வாணலியின் மூடியைக் கரண்டியால் அழுத்திப் பிடித்துக்கொண்டு, பக்கத்து வீட்டுக்குக் கேட்குமோ என்று ரேடியோவை அலறவிட்டு, அரை மணி நேரம் நின்றேன். சத்தம் மெல்ல மெல்லக் குறைந்து நின்றது. ஆறவைத்து இன்னொரு முறையும் வறுத்தேன்.

ஒரு பிடி வறுத்திருந்தால் போதுமே என்று நீங்கள் கேட்கலாம். ஜாடியில் எந்தப் பிடியை அத்தை அள்ளுவார் என்று எனக்கு எப்படித் தெரியும்? சாம்பிள் முழுவதும் ஒரே சீராக இருக்க வேண்டும் என்று எங்களுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். அதனால் ஜாடி முழுவதையும் வறுத்தேன். வீட்டில் இருந்த மொத்த உப்பும் அதுதான். என்னைப் போல ஒரு புத்திசாலி கடலூர் மாவட்டத்திலேயே கிடையாது என்று பாட்டுகூடப் பாடிக்கொண்டே பாத்திரத்தைத் தேய்த்து வைத்தேன்.

சாயங்காலம் அத்தை சுற்றினார். கொரியர்காரர் வரை எல்லாக் கண்ணையும் அழைத்தார். உப்பை நெருப்பில் கொட்டினார்.

ஒரு சத்தமும் இல்லை. உப்பு தணல்மேல் சாதுவாகப் படுத்துக் கிடந்தது. நான் முகத்தைச் சாதாரணமாக வைத்துக்கொண்டு, இதோ ஒன்றுமில்லை என்று சொல்வார், சொல்வார் என்று காத்திருந்தேன்.

அத்தையின் முகம் வெளுத்துவிட்டது. சட்டியைக் குச்சியால் கிளறினார். இன்னொரு பிடி கொண்டுவந்து போட்டார். அதுவும் சும்மா கிடந்தது.

"என்னாடி இது, வெடிக்கவே மாட்டங்குது? கண்ணு எறங்கவே இல்லியே. ஒடம்புலயே நின்னுபோச்சே!"

எனக்கு அப்போதுதான் உறைத்தது. இந்த வீட்டில் இன்ஃபரன்ஸ் கட்டத்தில் வேறு எழுதுகிறார்கள். வெடித்தால் கண் கழிகிறது. வெடிக்காவிட்டால் கழியவில்லை. நாற்பது கிலோமீட்டர் இடைவெளியில் அப்சர்வேஷன் மாறவில்லை, அர்த்தம் தலைகீழாக மாறிவிட்டது. என்னை வீட்டைவிட்டு வெளியே அனுப்ப வேண்டிய ஒரே சத்தத்தை நானே உட்கார்ந்து, பக்குவமாக, இரண்டு முறை வறுத்து ஒழித்திருக்கிறேன்.

மாமா இந்த முறை டிவியை நிறுத்திவிட்டு எழுந்து வந்தார். சட்டியைப் பார்த்தார். அவருடைய முகத்திலும் நிஜமான பயம் தெரிந்தது. "பாக்கலாம்" என்றுகூட அவர் சொல்லவில்லை. அது எனக்கு இன்னும் கலக்கமாக இருந்தது.

அன்றே சொல்லியிருக்கலாம். வெட்கம் விடவில்லை. வீட்டு உப்பை வறுத்து ஏமாற்றிய மருமகள் என்று பெயர் வந்தால் காலத்துக்கும் போகாது. அதனால் வெள்ளிக்கிழமை இன்னொரு மேதாவித்தனம் செய்தேன். வெடிக்க வைப்பது நீர்தானே, நீரைத் திருப்பிக் கொடுத்துவிட்டால் போகிறது என்று, மதியம் ஜாடிக்குள் தண்ணீர் தெளித்துக் கிளறிவைத்தேன். உள்ளே அடைபட்டிருந்த நீரும் மேலே தெளித்த நீரும் ஒன்றில்லை என்று முதலாண்டு மாணவிக்குக்கூடத் தெரியும். எனக்கும் தெரியும். ஆனால் பதற்றத்தில் எம்.எஸ்சி. எல்லாம் காற்றில் போய்விட்டது.

சாயங்காலம் உப்பு வெடிக்கவில்லை. உஸ்ஸ்ஸ் என்று நீளமாக ஒரு சத்தம் எழுப்பியது. அத்தை குச்சியைப் போட்டுவிட்டு இரண்டடி பின்னால் போனார்.

"சீறுதுடி! பாம்பு மாதிரி சீறுது!"

அதற்குப் பிறகு வேலையைப் பற்றி யார் பேசுவார்கள்? மாமா காலண்டரை எடுத்து எந்தக் கோயிலுக்கு எந்த நாளில் போவது என்று பார்க்கத் தொடங்கினார். அவர் சொன்ன முதல் நாளே திங்கட்கிழமைக்கு அப்புறம்தான் வந்தது. நான் அறைக்குள் போய்த் தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, என்மேல் எனக்கு வந்த கோபத்தில் அழுதேன்.

சனிக்கிழமை மதியச் சாப்பாட்டில்தான் எல்லாம் உடைந்தது. மாமா ஒரு வாய் வைத்துவிட்டுத் தட்டைத் தள்ளினார். "மூணு நாளா கொழம்புல கடல் தண்ணிய ஊத்தறியா? வாயில வைக்க முடியல."

அத்தை முப்பது வருடமாகக் கை அளவில் உப்புப் போடுகிறவர். கை தப்பாது. அவர் குழம்பை நாக்கில் வைத்துப் பார்த்தார். எழுந்து சமையலறைக்குப் போனார். சிறிது நேரம் கழித்து என்னைக் கூப்பிட்டார். ஜாடி திறந்திருந்தது. அவருடைய உள்ளங்கையில் கொஞ்சம் உப்பு.

"இதத் தொட்டுப் பாரு. கல்லு கல்லா இருந்த உப்பு, நொறுங்கி நொய்யாட்டம் கெடக்குது. அதான் ஒரு கைக்கு ஜாஸ்தியா புடிக்குது. ஜாடியும் எறங்கியிருக்கு." என்னை நேராகப் பார்த்தார். "இத யாரு வறுத்தது?"

இனி மறைக்க என்ன இருக்கிறது? நான்தான் என்றேன்.

"எதுக்கு?"

"வெடிச்சா கண்ணு இருக்குன்னு சொல்லி, என்னை வேலைக்கு அனுப்ப மாட்டீங்கன்னு நெனச்சேன் அத்தை."

அத்தை ஜாடியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், பிறகு அரிசி மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டார்.

"அடிப் பாவி. வெடிச்சாதானேடி உன்ன அனுப்ப முடியும்?"

அப்புறம் கூடத்துக்குக் கேட்காதபடி குரலைத் தாழ்த்திச் சொன்னார். "உங்க மாமா பாக்கலாம்னா, பாக்க மாட்டாருன்னு அர்த்தம். முப்பது வருஷமா பாத்துட்டேன். நான் சொன்னாலும் கேக்க மாட்டாரு, உன் புருஷன் சொன்னாலும் கேக்க மாட்டாரு. கண்ணு கழிஞ்சிடுச்சின்னு தெரிஞ்சா மட்டும் மறுபேச்சு கெடையாது. பொதங்கெழமையே அருமையா வெடிச்சிது. அந்த மனுஷன் டிவிய அலற வுட்டுட்டு ஒக்காந்திருந்தாரு, காதுல வுழுவல. அதான் இன்னும் ரெண்டு மூணு நாளைக்குச் சுத்தணும்னேன். அவரு காதுல வுழுவற மாதிரி வெடிக்க வச்சி உன்ன பஸ் ஏத்தலாம்னு நான் பாத்தா, நீ உப்ப வறுத்து வச்சிருக்க!"

நான்கு நாளாக நான் யாரை எதிர்த்துச் சண்டை போட்டேனோ, அவர்தான் அந்த வீட்டில் எனக்கு இருந்த ஒரே ஆள்.

"அப்ப நீங்க இதெல்லாம் நம்பறதில்லையா அத்தை?"

"யாரு நம்பலன்னா? நம்பறதாலதான் அது வெடிக்காதப்ப கொல நடுங்கிப்போச்சி. ராத்திரியெல்லாம் தூக்கமில்ல எனக்கு." உள்ளங்கை உப்பை ஜாடிக்குள் தட்டினார். "இவ்ளோ படிச்சிருக்க. எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டிருக்கலாம்ல?"

அது சுருக்கென்று தைத்தது. மன்னிப்புக் கேட்கலாம் என்று வாயெடுத்தேன். அதற்குள் அத்தைக்கு, உஸ் என்று சீறிய உப்பு ஞாபகம் வந்துவிட்டது போலிருக்கிறது. "அப்ப வெள்ளிக்கெழம சீறுனது?" என்றார். தண்ணீர் தெளித்தேன் என்றேன். அவ்வளவுதான். முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு, குலுங்கிக் குலுங்கிச் சிரிக்கத் தொடங்கினார். சிரித்து இளைப்பு வந்து, நான் ஓடிப்போய் இன்ஹேலரைக் கொண்டுவந்து கொடுக்க, அதை உறிஞ்சிவிட்டு மறுபடியும் சிரித்தார். எனக்கும் தொற்றிக்கொண்டது. "என்னா அங்க?" என்று கூடத்திலிருந்து மாமா குரல் கொடுத்தார். "ஒண்ணுமில்ல, உப்பு ஜாஸ்தியாப்போச்சி" என்றார் அத்தை.

ஞாயிற்றுக்கிழமை காலை அவரை ஸ்கூட்டியில் ஏற்றிக்கொண்டு முதுநகர் மார்க்கெட்டுக்குப் போனேன். முதல் தடவையாக என் பின்னால் உட்காருகிறார். ரயில்வே கேட் பக்கம் வந்ததும் என் தோளை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். உப்புக் கடையில் ஒரு மூட்டையையும் விடவில்லை. கையை விட்டு அளைந்து, இது போன வருஷத்து உப்பு, இது மழையில நனைஞ்சது என்று ஒவ்வொன்றாகத் தள்ளினார். கடைசியில் ஒன்றில் பெரிய பெரிய கல்லாகக் கிடந்தது. "இதுதான் நல்லா சத்தம் போடும்" என்றார். பெரிய படிகத்தில் நீர் அதிகம் அடைபட்டிருக்கும், அவர் சொல்வது முழுக்கச் சரி என்று நான் அங்கேயே விளக்கம் கொடுத்தேன். அந்தப் பெயரையும், சத்தத்தைக் கேட்காமலே ஐந்து வருடம் அதை எழுதியதையும் சொன்னேன். கடைக்காரர் எங்களை ஒரு மாதிரியாகப் பார்த்தார்.

"உப்பு வெடிக்கறதுக்குப் போய் இம்மாம் பெரிய பேரா?" என்றார் அத்தை. "பேரு வச்சவுங்க அத கேட்டுட்டுதான் வச்சாங்களா, இல்ல உன்ன மாதிரிதானா?"

அன்று சாயங்காலம் இரும்புச் சட்டி பின்கட்டில் இல்லை. காற்று வாட்டம் சரியில்லை என்று சொல்லி, அத்தை அதைக் கூடத்து வாசற்படிக்கே கொண்டுவந்துவிட்டார். மாமாவின் நாற்காலிக்கும் அதற்கும் நான்கடிகூட இல்லை. "டிவிய கொஞ்சம் நிறுத்துங்க, விளக்கு வச்ச நேரம்" என்றார். மாமா நிறுத்தினார். அவரும் பயந்துபோய்த்தானே இருந்தார். என்னை உட்காரவைத்து, அத்தை நிதானமாகச் சுற்றினார். எனக்கு வேதியியல் தெரியும், அது வெடிக்கத்தான் செய்யும். இருந்தாலும் மூச்சைப் பிடித்துக்கொண்டுதான் இருந்தேன்.

கொட்டினார். ஒரு கணம் ஒன்றுமில்லை. பிறகு ஒன்று வெடித்தது. உடனே இன்னொன்று. அப்புறம் எண்ண முடியவில்லை. சரவெடி போல வெடித்து, நாலாபக்கமும் தெறித்து, ஒரு கல் மாமாவின் பனியன்மேலேயே போய் விழுந்தது. அவர் துள்ளி எழுந்து தட்டிவிட்டுக்கொண்டார்.

"போச்சுங்க!" என்று அத்தை கையைத் தட்டினார். கண்ணில் நீர் நின்றது. அது நடிப்பில்லை. "ஒட்டுமொத்தமா போச்சு! இனிமே புள்ளைக்கு ஒண்ணுமில்ல."

மாமா சட்டியை எட்டிப் பார்த்தார். அவருடைய தோள் இறங்கியது, முகம் தெளிந்தது. நாற்காலியில் உட்கார்ந்தார்.

"ஆறே முக்கா பஸ்ஸுக்குப் போய்டும்மா. அதுக்கப்புறம் காலேஜு பசங்க கூட்டம். நடுவுல எங்கயும் ஏறாத, ஸ்டாண்டுக்கே போயிடு, அப்பதான் எடம் கெடைக்கும். நான் வந்து ஏத்தி வுடறேன்."

சரி மாமா என்றேன். அவர் டிவியைப் போட்டுக்கொண்டார்.

அத்தையும் நானும் சட்டியைப் பின்கட்டுக்குத் தூக்கிக்கொண்டு போனோம். தணல் இன்னும் சிவப்பாகத்தான் இருந்தது. அத்தை மடியிலிருந்து இன்னொரு பிடி உப்பை எடுத்தார்.

"இது எதுக்கு அத்தை? அதான் போயிடுச்சே?"

"சும்மாதான்" என்றார். "கேக்க நல்லாருக்கு இல்ல?"

கொட்டினார். அவ்வளவும் வெடித்து முடியும் வரை நாங்கள் இரண்டு பேரும் அங்கேயே குந்தியிருந்தோம்.